உம் கொட்ட ஓர் ஆள்

காலட்சேபம் என்னும் சொல் தமிழில் இரு வகையாக வழங்குகிறது. மயிலாப்பூர் மாடவீதியில் நடந்து வரும் ஒரு முதியவரை நிறுத்தி க்ஷேமம் விசாரித்தால், "ஏதோ, கபாலி புண்ணியத்தில் காலட்சேபம் நடக்கிறது" என்று பதில் வரும். அங்கே அது ஜீவனத்தைக் குறிக்கும். அதே வீதியில், விளக்கு வைத்த பிறகு, ஒரு மண்டபத்தில் பாகவதர் ஒருவர் சீதா கல்யாணம் சொல்லிக்கொண்டிருந்தால் அதற்கும் காலட்சேபம் என்றே பெயர். காலத்தைப் போக்குதல் என்பதுதான் வடமொழியில் அதற்கு நேர்ப்பொருள். கதை கேட்காமல் கழிகிற பொழுதைப் பிழைப்பு என்று சொல்ல நம் முன்னோருக்கு மனம் வரவில்லை போலும்.

தமிழ்நாட்டில் 60 வயதை எட்டியவர்கள் 2011-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி நூற்றுக்கு 10.4 பேர், 2021-க்கான அரசு மதிப்பீடு அதனை 13.6 என்று காட்டியது. பெரிய மாநிலங்களுள் கேரளம் ஒன்றே நமக்கு முன்னால் நிற்கிறது. பிள்ளைகள் கடல் கடந்து போய்விட, அடுக்குமாடிக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில் இருவராகவோ, காலப்போக்கில் ஒருவராகவோ, தங்கிவிட்ட மூத்தவர்கள் மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் அடையாற்றிலும் எத்தனையோ பேர். வாய்மொழிக் கதை மரபை இவர்களுக்காகப் புதுப்பிக்க வேண்டும் என்ற பேச்சு சில காலமாக அடிபடுகிறது. நல்ல எண்ணந்தான். ஆனால் அதில் ஒரு பிழையான அனுமானம் கலந்திருப்பதாக எனக்குத் தோன்றுகிறது. முதியவர்களுக்குக் கதை சொல்ல ஆள் இல்லை என்று நினைத்துக்கொண்டு சபைகளும் தொலைக்காட்சியும் கைப்பேசியும் அவர்கள் காதில் ஓயாமல் கதையைச் சொரிகின்றன. அவர்கள் சொல்லும் கதைக்குச் செவி கொடுக்கத்தான் இந்தப் பட்டணத்தில் ஆள் கிடைப்பதில்லை.

இதனைப் புரிந்துகொள்ள, வீட்டுக்குள் கதை எவ்வாறு நடந்தது என்பதை முதலில் நினைத்துப் பார்க்க வேண்டும். மயிலாப்பூர்ப் பேலாத்தோப்பில் நாங்கள் ஒண்டுக்குடித்தனம் இருந்த வீட்டின் முற்றத்தில், இரவு எட்டு மணி சுமாருக்கு, என் பாட்டி வெண்கலப் பாத்திரத்தில் குழம்புச் சாதத்தைப் பிசைந்துகொண்டு உட்காருவாள். குடித்தனங்களின் குழந்தைகள் ஆறேழு பேர் அரைவட்டமாக அமர்ந்து கையை நீட்ட, ஒவ்வோர் உருண்டையாக உள்ளங்கையில் வந்து விழும். நடுவில் கட்டைவிரலால் குழித்து அதில் கொஞ்சம் குழம்பு விடுவாள். உருண்டைக்கும் உருண்டைக்கும் இடையில் கதை ஓடும். அதற்கு ஒரே ஒரு நிபந்தனை: யாராவது ஒருவர் உம் கொட்ட வேண்டும். உம் நின்றால் கதையும் நின்றுவிடும். உம் அவசரமாக வந்தால், கேட்பவன் கதையை விட்டு அடுத்த உருண்டையில் கண்ணாயிருக்கிறான் என்று அறிந்து, ராக்ஷசனைச் சற்று முன்னதாகவே குகையிலிருந்து வெளியே இழுத்து வருவாள். உம் இழுபட்டு மெலிந்தால், தூக்கம் வந்துவிட்டது என்று கண்டுகொண்டு, ஏழு கடல் தாண்ட வேண்டிய ராஜகுமாரனை மூன்று கடலோடு ஊர் திரும்பச் செய்து விவாகத்தையும் முடித்துவிடுவாள். ஒரே கதை இரண்டு நாள் ஒரே அளவில் இருந்ததில்லை. ஆகவே அந்தக் கதையில் பாதி பாட்டியுடையது, மீதிப் பாதி உம் கொட்டியவனுடையது என்று சொன்னால் அது மிகையாகாது.

இந்த உம் வீட்டோடு நின்ற சங்கதியன்று. தமிழர்களின் கதை வடிவங்களை வரிசையாக எடுத்துப் பார்த்தால், ஒவ்வொன்றிலும் உம் கொட்டுவதற்கென்றே ஓர் உத்தியோகஸ்தரை முன்னோர் நியமித்திருப்பது தெரிய வருகிறது. தென்பாண்டி நாட்டு வில்லுப்பாட்டில், வில்லடிக்கும் புலவர் ஓர் அடி சொன்னவுடன் ஆமாம் போடுவதற்குப் பக்கத்தில் ஒருவர் அமர்ந்திருப்பார். அவர் சும்மா ஆமோதிப்பவர் அல்லர், சபையோர் மனத்தில் எழும் சந்தேகத்தைத் தாமே கேட்டு, புலவரை மறுமொழி சொல்ல வைப்பவர். என். எஸ். கிருஷ்ணனால் சென்னைக்கு அழைத்துவரப்பட்டு, தொண்ணூறு வயதைத் தாண்டியும் வில்லடியில் அமர்ந்து, 2021-ல் பத்மஸ்ரீ விருது பெற்று, அடுத்த ஆண்டில் மறைந்த சுப்பு ஆறுமுகத்தின் நிகழ்ச்சிகளைக் கேட்டவர்கள் அந்த ஆமாமின் மதிப்பை அறிவார்கள். யாழ்ப்பாணத்துக் கோயில்களில் புராண படனம் நடக்கும்போது, ஒருவர் செய்யுளை வாசிக்க, இன்னொருவர் அதற்குப் பயன் சொல்லுவார். தொண்டை மண்டலத்துத் தெருக்கூத்தில் கட்டியங்காரன் அரசனைக் கேள்வி கேட்டே கதையை நகர்த்துகிறான். ஹரிகதையில் பின்பாட்டுக்காரர் ஒருபுறம். மறுபுறம் பாகவதர் நாமம் சொன்னதும் கோவிந்தா என்று ஒரே குரலாக எழுகிற ஜனங்கள். மூலை விளக்கடியில் உட்கார்ந்திருந்த கிழவிக்கும் அந்த கோவிந்தாவில் ஒரு பங்கு இருந்தது.

ஹரிகதையின் வரலாறு தென் சென்னைக்கு நெருக்கமானது. அதைச் சற்று விரித்தே சொல்லவேண்டும். மராட்டிய மன்னர்கள் தஞ்சையை ஆண்ட காலத்தில் அவர்கள் நாட்டுக் கீர்த்தனக்காரர்கள் அங்கே வந்து தங்கி, ஸாகி, திண்டி, ஓவி, அபங்கம் முதலிய தங்கள் சந்தங்களில் பக்தர்களின் சரித்திரங்களைச் சொல்லிவந்தார்கள். 1855-ல் சிவாஜி மன்னரோடு அவ்வரசு முடிந்தும் அவர்கள் கலை முடியவில்லை. மோர்காம்கர் ராமசந்திர பாவா போன்றவர்களின் கதைகளைக் கேட்டு உத்ஸாகம் கொண்ட தஞ்சாவூர் கிருஷ்ண பாகவதர், அந்தச் சந்தங்களைக் கர்நாடக சங்கீதத்தோடும் தமிழ் உரைநடையோடும் பொருத்தி, இன்று நாம் ஹரிகதை என்று அறிகிற உருவத்தை அதற்குக் கொடுத்தார். தமிழில் அவருக்கு முன்னமே கோபாலகிருஷ்ண பாரதியார் நந்தனார் சரித்திரத்தைக் கதாகாலட்சேபமாகவே இயற்றிவிட்டிருந்தார். கிறிஸ்தவர்களுள் தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் தம் சமயக் கதைகளை அம்முறையில் நடத்தியிருந்தார். பஞ்சபதியில் தொடங்கி, தத்துவ நிரூபணம் செய்து, கதையில் புகுந்து, உபகதைகளில் உலாவி, மங்களத்தில் முடிகிற அக்கச்சேரி நான்கைந்து மணி நேரம் நடக்கும். விரலிடுக்கில் சிப்ளாக்கட்டையும், பக்கத்தில் ஆர்மோனியமும் மிருதங்கமும். நான்கைந்து பாஷைகளில் பாட்டும் சுலோகமும் மனப்பாடம் இல்லாதவர் இதைத் தொடக்கூட முடியாது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், மேடையேறும் பெண்ணைச் சமூகம் ஏற்காத நாளில், சி. சரஸ்வதி பாய் எதிர்ப்புகளைத் தாண்டி இந்தக் கலையில் பெரும் புகழ் ஈட்டினார். பின்னர் எம்பார் விஜயராகவாச்சாரியாரும் டி. எஸ். பாலகிருஷ்ண சாஸ்திரிகளும் சென்னைச் சபைகளைத் தங்கள் வசமாக்கினார்கள். பக்கவாத்தியம் வேண்டாத உபன்யாசம் மெல்ல மெல்ல ஹரிகதையின் இடத்தைப் பிடித்துக்கொண்டது; சப்தாகம், நவாகம் என்று நாள் கணக்கில் சேங்காலிபுரம் அனந்தராம தீக்ஷிதர் கதை சொன்ன காலத்தை இன்றும் சிலர் நினைவு வைத்திருக்கிறார்கள். சைவ மேடைகளில் வாரியார் சுவாமிகள். ஆங்கிலம் படித்தவர்களுக்கு வேறொரு வழி கிடைத்தது: 1944-ல் மயிலாப்பூர் சம்ஸ்கிருதக் கல்லூரியில் வி. எஸ். ஸ்ரீநிவாச சாஸ்திரியார் ராமாயணத்தைப் பற்றி முப்பது சொற்பொழிவுகள் நிகழ்த்தினார்.

இந்தப் பெயர்களில் ஒரு பொதுத்தன்மை இருக்கிறது. அதை ஒருவரும் போதிய அளவு எடுத்துச் சொன்னதாக எனக்குத் தெரியவில்லை. அச்சொற்பொழிவுகளின்போது சாஸ்திரியாருக்கு எழுபத்தைந்து பிராயம். 1906-ல் பிறந்த வாரியார் 1993-ல் லண்டனிலிருந்து திரும்பும் விமானத்திலேயே காலமாகும் வரை மேடைமேல் மேடையாக ஏறிக்கொண்டிருந்தார். பாடகருக்கு அறுபதுக்குமேல் சாரீரம் கைவிடக்கூடும். நர்த்தகிக்கு நாற்பதிலேயே முழங்கால் எச்சரிக்கை செய்துவிடும். கதை சொல்பவருக்கோ வயது ஏற ஏறக் கௌரவமும் ஏறிற்று, கையிருப்பில் உபகதைகளும் கூடின. முதுமையே மூலதனமாக இருந்த கலைகள் நம்மிடம் மிகச் சில; அவற்றுள் தலையாயது இது. அப்படிப்பட்ட கலையை முதியவர்களுக்காகப் புதுப்பிப்பதாகச் சொல்லிக்கொண்டு அவர்களை நாற்காலி வரிசையில் மட்டும் உட்கார வைப்பது எனக்குச் சம்மதமில்லை.

இன்று என்ன நடக்கிறது என்று பார்ப்போம். விசாகா ஹரி, பட்டயக் கணக்காளராகத் தேர்ந்து, லால்குடி ஜெயராமனிடம் சங்கீத சிக்ஷை பெற்று, ஹரிகதைக்குப் புதிய ரஸிகர்களைச் சேர்த்திருக்கிறார். மார்கழியில் அவருடைய கதைக்கு இடம் கிடைப்பது அரிது. பிரமீளா குருமூர்த்தி இக்கலையை ஆராய்ந்து நூல் எழுதியதோடு மேடையிலும் நிகழ்த்துகிறார். வேளுக்குடி கிருஷ்ணன் முதலானோரின் உபன்யாசம் தொலைக்காட்சி வழியாகக் காலைக் காப்பியோடு வீட்டுக்குள் வந்து சேர்கிறது. வாதத்தால் படியிறங்க முடியாத ஒரு மூதாட்டிக்கு இது எவ்வளவு பெரிய ஆறுதல் என்பதை அருகிலிருந்து பார்த்தவன் நான். அதைக் குறைத்துப் பேச எனக்கு உரிமையில்லை. ஆயினும் ஒன்றைச் சொல்லியே தீரவேண்டும்: பெட்டிக்குள் பேசுகிறவருக்கு அந்த மூதாட்டியின் கோவிந்தா கேட்பதில்லை. அவள் சொன்னாலும் சொல்லாவிட்டாலும் கதை அதே வேகத்தில், அதே நிமிஷத்தில் முடிகிறது.

அடையாற்றுப் பக்கத்தில் ஒரு முதியோர் இல்லத்துக்குச் சில காலம் நான் போய் வந்தேன். சுத்தத்திலும் சாப்பாட்டிலும் குறை சொல்ல முடியாத இடம். மாலையில் கூடத்தில் பெரிய தொலைக்காட்சியில் பாகவதக் கதை ஓடும். பதினைந்து பேர் அதன் எதிரே உட்கார்ந்திருப்பார்கள். பாதிப்பேரின் தலை சாய்ந்திருக்கும். ஒரு நாள் கஜேந்திர மோக்ஷம் நடந்துகொண்டிருக்கையில், ஓரத்திலிருந்த ஒரு பெரியவர் தம் ஊர்க் குளத்தில் முதலை இருந்த கதையைப் பக்கத்து நாற்காலிக்காரரிடம் சொல்ல ஆரம்பித்தார். இல்லத்துப் பணியாளர் ஒருவர் மரியாதையாகத்தான் வந்து, "சத்தம் போடாதீங்க தாத்தா, எல்லாரும் கதை கேக்கறாங்க" என்றார். பெரியவர் நிறுத்திக்கொண்டார். அந்த முதலை என்ன ஆயிற்று என்று கேட்க எனக்கு அன்று தோன்றாமல் போனதை நினைத்து இன்றுவரை வருந்துகிறேன்.

கதைகளைத் திரட்டி வைக்கும் பணி வேறு. அதில் நாம் பின்தங்கியவர்கள் அல்லர். சென்ற நூற்றாண்டுக்கு முன்பே பண்டித நடேச சாஸ்திரி தென்னாட்டுக் கதைகளைத் தொகுத்தார். மயிலாப்பூரிலிருந்து கலைமகளை நடத்திய கி. வா. ஜகந்நாதன் நாடோடிப் பாடல்களைத் தேடிப் பதிப்பித்தார். கி. ராஜநாராயணன் கரிசல் காட்டுக் கிழவர்களிடம் கேட்ட கதைகளைக் களஞ்சியமாக்கிவிட்டு 2021-ல் மறைந்தார். 1997-ல் சென்னையில் தேசிய நாட்டுப்புறவியல் ஆதரவு மையம் தொடங்கியது. இவை யாவும் போற்றத்தக்கன. ஆனால் அச்சேறிய கதை கதையைக் காக்கிறது. சொன்ன கிழவியை அது காப்பதில்லை. நம் பழைய அச்சகத்தார்கூட இதில் நுட்பம் அறிந்திருந்தார்கள் என்று நினைக்கிறேன். பி. இரத்தின நாயகர் அண்டு சன்ஸ் முதலியோர் வெளியிட்ட அல்லி அரசாணி மாலையும் விக்கிரமாதித்தன் கதையும் பெரிய எழுத்துப் புத்தகங்களாகவே வந்தன; மங்கிய விளக்கில், மங்கிய கண்ணோடு, ஒருவர் உரக்கப் படிக்க, வீதியே சுற்றி உட்கார்ந்து உம் கொட்டுவதற்கு அவை வசதியாக இருந்தன.

சென்னையில் கதை சொல்லும் இயக்கம் என்று ஒன்று அண்மையில் தோன்றியிருக்கிறது. 2007-ல் இங்கே உலகக் கதைசொல்லல் நிறுவனம் என்ற அமைப்பும் ஏற்பட்டது. இத்தகைய முயற்சிகளில் பெரும்பாலானவை பள்ளிக்கூடத்தையும் குழந்தையையுமே நோக்கியிருக்கின்றன. முதியவர்கள் அவற்றில் எப்போதாவது வரும் விருந்தாளிகள்.

கதையை மாடவீதியோடு நிறுத்திவிடுவதும் பெருந்தவறு. லைட்ஹவுசுக்குத் தெற்கே நொச்சிக்குப்பத்திலும், அடையாற்று முகத்துவாரத்தருகே ஊரூர் ஆல்காட் குப்பத்திலும், மணலில் வலை பிரித்துக்கொண்டிருக்கும் முதியவர்களிடம் இருக்கும் சரித்திரங்கள் எந்தச் சபாவிலும் அரங்கேறியவை அல்ல. வன்னி என்றும் தெண்டி என்றும் நீரோட்டத்தைப் பெயர் சொல்லிப் பிரித்தறிவதும், எந்தக் காற்றுக்கு எந்த மீன் கரையணையும் என்பதும், 2004 டிசம்பர் 26 காலையில் கடல் எப்படிப் பின்வாங்கிப் பின் எழுந்து வந்தது என்பதும் அவர்கள் வாயில் கதையாகவே வருகின்றன. ஊரூர் ஆல்காட் குப்பத்தில் சங்கீத விழா நடத்தி, கலையைக் கடற்கரைக்குக் கொண்டுபோனார்கள் சில நண்பர்கள். அங்கேயிருந்து கதை மயிலாப்பூருக்குத் திரும்பி வருகிற பாதையை இனித்தான் போடவேண்டும். சபாவுக்கு வெளியே வாழும் கதைக்கு இன்னோர் உதாரணமும் உண்டு: வடதமிழ் நாட்டில் ஒருவர் இறந்துபோனால் காரியத்தன்று கர்ண மோட்சம் கூத்து நடத்துவது வழக்கம். பாரதக்கதை அங்கே துக்க வீட்டாரின் அழுகைக்கு மறுகுரலாக நிற்கிறது.

நம்மைப்போலவே இந்தக் கவலையில் இருப்பவர்கள் தேசத்தின் மறுகோடியிலும் உண்டு. மிசோ மலைக் கிராமங்களில் ஸோல்புக் என்னும் பொதுக்கூடம் இருந்தது. மணமாகாத வாலிபர்கள் இரவில் அங்கே தங்கி, பெரியவர்கள் வாயால் குலத்தின் வேட்டைகளையும் யுத்தங்களையும் சுரா என்னும் வேடிக்கை மனிதனின் செயல்களையும் கேட்டு வளர்ந்தார்கள். 1894-ல் வந்திறங்கிய பாதிரிமார்கள் அந்த மொழிக்கு ரோமன் எழுத்தை வகுத்துக் கொடுத்தார்கள். எழுத்தும் பள்ளியும் வந்தன, 1938 அளவில் ஸோல்புக் வழக்கொழிந்தது. கதைகள் புத்தகத்தில் பிழைத்தன. பெரியவரும் வாலிபனும் ஒரே நெருப்பைச் சுற்றி உட்கார்ந்த கூடம் பிழைக்கவில்லை. நம் திண்ணைக்கு நேர்ந்ததும் அதுவேயன்றோ?

வைத்தியர்கள் இவ்விஷயத்தில் என்ன சொல்கிறார்கள் என்பதையும் கேட்கவேண்டும். முதியவர்கள் பழங்கதை பேசுவதை மூளைத் தளர்ச்சியின் அடையாளமாகக் கருதிவந்த காலத்தில், 1963-ல், ராபர்ட் பட்லர் என்ற அமெரிக்க மனநல மருத்துவர், வாழ்க்கையைத் திரும்பிப் பார்த்தல் முதுமையின் இயல்பான, அவசியமான தொழில் என்று எழுதினார். அதிலிருந்து நினைவூட்டு சிகிச்சை என்ற ஒரு துறையே கிளைத்தது. மறதி நோயாளிகளிடம் அதன் பலனை ஆராய்ந்த 22 ஆய்வுகளை 2018-ல் காக்ரேன் அமைப்பினர் சேர்த்துப் பார்த்தபோது, நன்மை உண்டு, ஆனால் சிறிது, எல்லா இடத்திலும் ஒரே மாதிரியும் இல்லை என்று கண்டார்கள். கதை சொன்னால் மறதி குணமாகிவிடும் என்று விளம்பரம் செய்பவர்களை ஆகையால் நம்பவேண்டாம். 1998-ல் ஆன் பாஸ்டிங் என்ற அமெரிக்க அம்மையார் தொடங்கிய முறை எனக்கு அதிகம் பிடித்திருக்கிறது: ஞாபகமிருக்கிறதா என்று நச்சரிக்காமல், ஒரு படத்தைக் காட்டி, எல்லோரும் சேர்ந்து புதிதாக ஒரு கதை கட்டச் சொல்வது. இந்தியாவில் 60 வயதுக்கு மேற்பட்டோரில் 7.4 விழுக்காட்டினருக்கு, அதாவது ஏறத்தாழ 88 லட்சம் பேருக்கு, மறதி நோய் இருப்பதாக மதிப்பிட்டிருக்கிறார்கள். முதியோர் மருத்துவத்துக்கு 1978-லேயே சென்னை மருத்துவக் கல்லூரியில் வி. எஸ். நடராஜன் வழி திறந்தார். கிண்டியில் 200 படுக்கைகளோடு தேசிய முதியோர் நல மையம் 2024 பிப்ரவரியில் திறக்கப்பட்டது. மருந்துக்கு இடம் உண்டாகிவிட்டது.

மேலே சொன்ன இல்லத்தில் எண்பது கடந்த ஓர் அம்மாள் இருந்தார். மகள் காலையில் வந்து போனதை மத்தியானம் மறந்துவிடுவார். ஒரு ஞாயிற்றுக்கிழமை வேறொருவரின் பேரன், ஏழு வயதுப் பையன், அவர் கட்டிலருகே வந்து நின்றுகொண்டு, எனக்கு ஒரு கதை சொல்லு பாட்டி என்றான். அம்மாள் சற்று நேரம் ஜன்னலைப் பார்த்திருந்துவிட்டு, தன் பெயரை மறந்துபோன ஈயின் கதையைத் தொடங்கினார். வீடு மெழுகிய மும்முரத்தில் பெயர் மறந்த ஈ, கன்றுக்குட்டியைக் கேட்கும். கன்றின் தாயை, மேய்ப்பவனை, அவன் கைக்கோலை, கோல் வளர்ந்த மரத்தை, மரத்துக் கொக்கை என்று போய்க்கொண்டேயிருக்கும். ஒவ்வொரு முறையும் முன்னே கேட்ட அத்தனை பேரையும் வரிசை பிசகாமல் அடுக்கிவிட்டுத்தான் அடுத்தவரிடம் கேள்வி. பையன் உம் கொட்டக் கற்றவன் அல்லன். இரண்டாம் அடுக்கில் அம்மாளே நிறுத்தி, "உம் சொல்லு" என்று சொல்லிக் கொடுத்தார். அதன்பின் உம்முக்கு ஒரு படியாக, குளமும் மீனும் வலைஞனும் சட்டியும் குயவனும் மண்ணும் புல்லும் வந்து, கடைசியில் குதிரை ஈ என்று கனைக்கும் வரை, ஒரு கண்ணி அறுபடவில்லை. குதிரையின் கனைப்பை அம்மாள் தம் குரலிலேயே கனைத்தார். அடுத்த கட்டிலிலிருந்த மூதாட்டி விழித்துக்கொண்டு, "எங்க ஊர்லே கொக்குக்கு அப்புறம் குளம் கிடையாது, ஆறு" என்று திருத்தினார். இருவருக்கும் அதன்மேல் நெடுநேரம் வாதம் நடந்தது. மறுநாள் அம்மாளுக்குப் பையனையும் நினைவில்லை, வாதத்தையும் நினைவில்லை. அந்த அரைமணி நேரம் அவர் சொல்லுகிறவராக இருந்தார் என்பது போதும் எனக்கு.

ஆகவே புதுப்பித்தல் என்று வரும்போது நான் வேண்டுவன மிகச் சொற்பமானவை. ஹரிகதை பயிலும் இளைஞர்களுக்குச் சிக்ஷையின் ஓர் அங்கமாக, ஒரு மூத்தவரிடம் ஓராண்டு சென்று உம் கொட்டிவரும் கடமையை விதிக்கலாம். மேடை உபகதைகளுக்கு மூத்தவர்களிடம் கிடைக்காத சரக்கா வேறிடத்தில் கிடைக்கப்போகிறது? பாரதக் கதை சொல்பவர் நடுவில் அரைமணி நிறுத்தி, இந்தக் கட்டத்தை உங்கள் ஊரில் எப்படிச் சொல்வார்கள் என்று சபையைக் கேட்கலாம். பாஞ்சாலி கூந்தல் முடிந்த விதம் தஞ்சாவூர்க் கிழவிக்கு ஒன்று, செங்கற்பட்டுக் கிழவிக்கு வேறொன்று. முதியோர் இல்லங்களில் தொலைக்காட்சியை மாலையில் ஒரு மணி நேரம் அணைத்து வைக்க அதிகாரி ஒருவர் தைரியம் கொள்ளலாம். குப்பத்துப் பெரியவர்களை அழைக்கும்போது மேடையில் ஏற்றிச் சால்வை போர்த்தி அனுப்பிவிடாமல், குழந்தைகளோடு தரையில் உட்கார வைத்து ஒரு வலையையும் கையில் கொடுக்கவேண்டும்; கை வேலை செய்தால்தான் அவர்களுக்கு வாய் திறக்கும், என் பாட்டிக்குச் சாதம் பிசைந்ததைப்போல.

இடத்துக்குப் பஞ்சம் என்று சொல்லுவார்கள். அதை நான் ஒப்புவதில்லை. மார்கழி நீங்கலாக மற்ற மாதங்களில், வாரநாட்களில், மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் எத்தனையோ சபா மண்டபங்கள் மாலை ஆறரை மணி வரை பூட்டிக் கிடக்கின்றன. பள்ளிக்கூட வேன்கள் நான்கு மணிக்குக் குழந்தைகளைத் தெருமுனையில் இறக்கிவிடுகின்றன. அவர்களுடைய தாய் தந்தையர் அலுவலகத்திலிருந்து திரும்ப ஏழாகும். அதே நான்கு மணிக்குப் பகல் தூக்கம் கலைந்த பெரியவர்கள் நாகேஸ்வரராவ் பூங்காவிலும் நடேசன் பூங்காவிலும் பெஞ்சைத் தேடி மெல்ல நடந்துகொண்டிருக்கிறார்கள்.